படகுக்கு எத்தனை அடி

காரங்காட்டுக் கரையில் ஏலக் கொட்டகைத் தூணிலிருந்து
படகு கிடந்த இடம் வரைக்கும்
எண்ணிக்கொண்டு வா என்றார் சீனியர்.
ஓட்டமாக ஒரு தடவை, நடையாக ஒரு தடவை.
கைக்கடிகாரத்தைக் கழற்றித் தந்தார்.
என் போனை அவர் நம்புவதில்லை.

கொலைக்கும் கொலையாகாத மரணத்துக்கும் நடுவே
சட்டம் கொஞ்சம் இடம் விட்டிருக்கிறது.
கடுமையாக, திடீரென்று மூட்டப்பட்ட ஆத்திரம்
அங்கே நிற்கலாம்.
எவ்வளவு நேரம் என்று மட்டும் எழுதவில்லை.
சோறு ஆறுகிற நேரமா,
கரையில் போட்ட மீனின் செவுள் அடங்குகிற நேரமா?
தீர்ப்புத் தொகுதிகளைப் புரட்டினேன்.
மூன்று மணி நேரம் அதிகம் என்றிருக்கிறது ஓரிடத்தில்.
நூறு சொச்சம் அடிக்கு
யாரும் கணக்குச் சொல்லவில்லை.

கஸ்பார் எங்கள் கட்சிக்காரன்.
செத்தவன் முடியப்பன்.
நண்டு ஏலத்தில் கிலோவுக்குப் பத்து ரூபாய்த் தகராறு,
அது தினமும் நடப்பது.
அன்றைக்கு முடியப்பன் தராசைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டான்:
"தம்பியக் கடலுக்கு வித்தியே,
அந்தக் காசு தீந்துபோச்சா?"

சாட்சிகள் ஒன்பது பேர்.
கூண்டில் ஒருவரும் அதைத் திருப்பிச் சொல்லவில்லை.
"தகாத வார்த்தை" என்றார்கள்,
டைப்பிஸ்ட் அப்படியே அடித்தார்.
தாயைப் பழித்ததாக நினைத்துக்கொள்வார் நீதிபதி.
இதுவோ
கெட்ட சொல் ஒன்றுகூட இல்லாத வாக்கியம்.
கவிழ்ந்த வள்ளத்திலிருந்து
கஸ்பார் மட்டும் நீந்தி வந்து நான்கு வருஷம்.
தம்பியின் இடுப்பில் கட்டிய கயிற்றை
அவன்தான் அறுத்தான் என்பது ஊருக்குத் தெரியும்.
அவனுக்கும் தெரியும்.

பதில் சொல்லாமல் படகுக்குப் போனான்.
பலகைக்கடியில் கத்தி.
எடுத்துக்கொண்டு வந்தான்.
ஒருவரும் தடுக்கவில்லை,
அவன் ஓடவில்லை என்பதால்.

அரசு வக்கீல் சொல்வார், ஒவ்வொரு அடியும் ஒரு யோசனை என்று.
நாங்கள் சொல்வோம்,
நடந்தது கால், அவனில்லை.

ஏத்தத்தில் படகு கரைக்குப் பக்கம்,
வத்தத்தில் தூரம்.
அன்றைக்கு எது?
போலீஸ் வரைபடத்தில் வடக்கைக் காட்டும் அம்பு உண்டு,
மாதா கோயில் உண்டு.
கடல் ஒரு கோடு.
அசையாத கோடு.

நூற்றுப் பன்னிரண்டில் நின்றேன்.
கணுக்கால் வரை சேறு, இரண்டு நிமிஷம் நான்கு நொடி.

"நேரா எண்ணாதீங்க."
வலையிலிருந்து நண்டு கழித்துக்கொண்டிருந்த அமலோற்பவம்.
முடியப்பன் பெண்சாதி.
நான் யார் என்று அவளுக்குத் தெரியும்.

"அன்னைக்கு வத்தம். சின்னவன் இங்கன
சிப்பிய அடுக்கிக் கோயில் கட்டிக்கிட்டு இருந்தான்.
அத மிதிக்காமச் சுத்திப் போனாரு.
கத்தியோட வரையிலயும் சுத்தித்தான் வந்தாரு."

யாருடைய சின்னவன் என்று நான் கேட்கவில்லை.
நண்டின் கால் ஒடியாமல் நூலை விலக்கிக்கொண்டிருந்தாள்.
கோர்ட்டில் சொல்லவில்லையா என்றேன்.
"யாரும் கேக்கலயே.
அது நல்லதா கெட்டதான்னு
படிச்சவுக நீங்கதான் சொல்லணும்."

மறுபடி தூணுக்குப் போனேன்.
இல்லாத சிப்பிக் கோயிலைச் சுற்றி நடந்தேன்.
நூற்றுப் பதினாறு.
அந்த நாலடி
ஒருவனுக்குப் புத்தி இருந்ததன் அடையாளமா?
வழியில் குழந்தை உட்கார்ந்திருந்தால்
புத்தி போனவனும் விலகுவானா?
சேற்றில் என் தடம் வளைந்து கிடந்தது.
தண்ணீர் ஏறத் தொடங்கியிருந்தது.

பஸ்ஸில் வரும்போது சீனியரின் போன்.
"எத்தனை?"
நேராக நூற்றுப் பன்னிரண்டு சார் என்றேன்.
"நேரான்னா? வேற வழி இருக்கா?"
அப்போது பஸ் உப்பூரில் நின்றது.
மீன்கூடைகள் ஏறி முடிகிற வரைக்கும்
பதில் சொல்லாமல் இருக்க முடிந்தது.