கை படாமல்

செவ்வாய்க்கிழமை கடை லீவு.
சமாதானபுரத்து முக்கில் பேச்சிக்கனி
மைதாவை நிறுத்துக்கொண்டே கேட்டாள்:
"மாஸ்டருக்குக் கால் கிலோவா?"

இருபத்திரண்டு வருஷமாய்
மைதாவை எனக்கு மூட்டையாய்த்தான் தெரியும்.
அடித்து, வீசி, சுருட்டி,
எண்ணெயில் ஊறவைத்து, மறுபடி அடித்து.
புரோட்டாக்காரன் கை.

எப்சிபா அனுப்பிய குரல்செய்தி
ஒரு நிமிஷம் பதினோரு வினாடி.
அபர்டீனில் அவளோடு ராத்திரி டூட்டி பார்க்கும்
மோராக் சொன்னதாம்.
"இங்கயும் தோசைக்கல்லு இருக்குங்க.
வாளிக்கு இருக்க மாதிரி மேல ஒரு வளையம், அம்புட்டுதான்.
அதுல போட்டு எடுக்காங்க.
ஸ்கோன்னு எழுதி ஸ்கான்னு சொல்லுதாங்க.
டூட்டிக்கு முன்னாடி நான் அதத்தான் திங்கேன்.
பிசையாதிய. கத்தியால கலக்குங்க.
கை படக் கூடாது."
பின்னால் ஏதோ கதவு சாத்துகிற சத்தம்.

ஏழு மாசமாய் அவள் எதைத் தின்கிறாளோ
அதை நானும் ஒருதரம் தின்ன வேண்டும்.
வேறு காரணம் கிடையாது.

டார்ட்டர் என்று ஒரு பொடி சொல்லியிருந்தாள்.
பாளை மார்க்கெட் பக்கம் மூன்று மெடிக்கலில் கேட்டேன்.
"பல்லு டாக்டரைப் பாருங்கண்ணே."
முந்தாநாள் மோர் இருந்தது.
அதற்கு மேல் என்ன புளிப்பு வேண்டும்?

உப்பு, ஆப்பசோடா,
நெல்லிக்காய் அளவு வெண்ணெய்.
கத்தியைத்தான் எடுத்தேன், சத்தியமாய்.
மோர் விழுந்து மாவு திரண்டது வரை தெரியும்.
பார்த்தால் வலது கை உள்ளே இருக்கிறது,
உள்ளங்கையால் தள்ளிக்கொண்டு.
யார் சொன்னது அதற்கு?

சுட்டதும் செருப்புவார் போல இழுத்தது.
சப்ளை பையன் இசக்கிராஜா ஒரு வாய் மென்றுவிட்டு
"சால்னா ஊத்துனா ஓடும் மாஸ்டர்" என்றான்.

இரண்டாம் தடவை
வலது கையைச் சாரத்து மடிப்பில் செருகிக்கொண்டேன்.
இடது கையில் கத்தி.
கலக்கினேன் என்றுகூடச் சொல்ல முடியாது,
மாவு தானாய் ஒன்றையொன்று பிடிக்கிறவரை
பக்கத்தில் நின்றேன்.
முரடாய், அங்கங்கே வெள்ளை தெரிய,
கடையில் ஒருத்தன் இப்படி மாவு வைத்தால்
கன்னத்தில் ஒன்று விழும்.

விரல் நுனியால் தட்டி, ஒரு வட்டம்.
வட்டத்துக்கு மூலை கிடையாது.
குறுக்கே நெடுக்கே கத்தி வைத்ததும்
நடுவில் நாலு மூலை.

கல்லில் ஒரு சிட்டிகை மாவு தூவினேன்.
கருகாமல் மெல்ல வைக்கோல் நிறத்துக்கு வந்தால்
சூடு சரி.
சிம்மில் வைத்து ஐந்து நிமிஷம்.
ஐந்து நிமிஷத்தில் நான்
இருபது புரோட்டா எடுப்பேன்.
திருப்பிப் போட்டு இன்னொரு ஐந்து.
பிறகு வெட்டின பக்கங்களையும் நிமிர்த்தி வைக்க
நாலும் ஒன்றில் ஒன்று சாய்ந்து நின்றன,
பஸ் வராத ஸ்டாப்பில் போல.

தேங்காய்ப்பூத் துண்டில் பொதிந்து வைத்து,
பொறுக்காமல் பிய்த்தேன்.
ஆவி.
வெண்ணெய், பிள்ளை டிபனுக்கு வாங்கின ஜாம்.
ருசி?
கொஞ்சம் ஆப்பத்தின் நடு,
கொஞ்சம் பேக்கரி வாசம்,
மிச்சம் ஒன்றுமேயில்லை.
இந்த ஒன்றுமேயில்லாததைத் தின்றுவிட்டா இவள்
விடிய விடியப் பதினாலு கிழடுகளைப்
புண் வராமல் புரட்டிப் படுக்கவைக்கிறாள்?

எட்டரைக்குக் கூப்பிட்டாள்.
அங்கே நாலு மணி, கண்ணில் தூக்கம்.
துண்டை விரித்துக் காட்டினேன்.
"மேல மாவு ஒட்டிருக்குலா, அப்படித்தான் இருக்கணும்.
எண்ணெ ஊத்தலியே?"
"இல்ல."
"ஒரு சொட்டுகூட?"
"ரெண்டாம் பக்கத்துக்கு மட்டும்."
சிரித்தாள்.
சிரித்த வாயோடு திரை உறைந்துவிட்டது.
எதையும் அழுத்தாமல்
லைன் வருகிறவரை பார்த்துக்கொண்டிருந்தேன்.

புதன்கிழமை காலை, பத்துக் கிலோ.
ஓங்கின கை மேலேயே நின்றது.
"என்ன மாஸ்டர்?"
"ஒண்ணுமில்லல."
அடித்தேன்.