பதினோரு நாள்

ஜூன் பத்தொன்பது. மூணாறு தலைப்பில்
மூன்றாவது ஷட்டரின் கைப்பிடியைப் பிடித்தபடி
அப்பா உட்கார்ந்தார். எழவில்லை.
தண்ணீர் அப்போதுதான் வந்துகொண்டிருந்தது,
நுரையையும் செத்தையையும்
யாரோ விட்ட ஒற்றைச் செருப்பையும் தள்ளிக்கொண்டு.
முப்பதாம் தேதி அவருக்கு ஓய்வு.
மாலைக்கும் சால்வைக்கும் ஆபீசில்
ஆளுக்கு இருநூறு வசூலித்திருந்தார்கள்.
மாலை மட்டும் வாங்கினார்கள்.

எழவு வீட்டில் சித்தப்பா விரல்விட்டு எண்ணினார்.
"பதினோரு நாள் பிந்தியிருந்தா
பிள்ளைகளுக்கு ஒண்ணுமில்ல.
புண்ணியவான், சர்வீஸ்ல போயிட்டான்."
அம்மா அழுகையை நிறுத்தி அவரைப் பார்த்தாள்.
பிறகு விட்ட இடத்திலிருந்து அழுதாள்.

மாசியிலிருந்தே அவருக்கு மாரில் குத்தல்.
தஞ்சாவூர் பெரியாஸ்பத்திரிக்குப் போவோம் என்றால்
"ரிட்டயர் ஆகட்டும், பாத்துக்கலாம்."
இதை நான் யாரிடமும் சொன்னதில்லை,
தம்பி இளஞ்சேரனிடம்கூட.

பிறகு தாள்கள்.
இறப்புச் சான்று, ஏழு நகல். வாரிசுச் சான்று.
அம்மா மறுமணம் செய்துகொள்ளவில்லை என்று ஒரு சான்று.
அதைக் கேட்டபோது அவளுக்கு வயது ஐம்பத்தாறு,
வி.ஏ.ஓ. முகத்துக்கு நேரே சிரித்துவிட்டாள்.
அப்பா போனபின் அதுதான் முதல் சிரிப்பு.
தம்பிக்கு ஆட்சேபணை இல்லை என்று இன்னொன்று.
அவன் அழுத்திப் போட்ட கையெழுத்தில்
அடியிலிருந்த தாளிலும் அவன் பெயர் பள்ளமாய் விழுந்தது.
அன்றிரவே திருப்பூருக்கு பஸ் ஏறினான்.

வறுமை பார்க்க ஆர்.ஐ. வந்தார்.
கிரைண்டரை முந்தின ராத்திரியே
ஜெயசீலி அக்கா வீட்டுக்கு நகர்த்தியிருந்தோம்.
"டி.வி. இருக்கே?"
"நீங்க குடுத்ததுதான் சார்."
எழுதியதை அடித்தார்.
"நிலம்?"
"குத்தகைக்கு மூணு மா."
"சொந்தமா?"
"அவரைப் பொதைச்ச எடங்கூட ஆத்துப் புறம்போக்கு."
அதையும் எழுதிக்கொண்டார்.

பட்டியலில் நாங்கள் நாற்பத்தொன்று.
முன்னால் நாற்பது சாவுகள்
இறந்த தேதி வாரியாக வரிசையில் நின்றன.
பாம்பு கடித்த வாட்ச்மேன்,
புயலில் மரம் விழுந்த சாலைப் பணியாளர்,
தேர்தல் வேலைக்குப் போய்த் திரும்பாத டீச்சர்.
கலெக்டர் ஆபீஸ் வராந்தாவில் எல்லோரும் பழகிப்போனோம்.
"உனக்கு யாரு?"
"அப்பா. உங்களுக்கு?"
"வீட்டுக்காரர்."
டீக்காசை மாற்றி மாற்றிக் கொடுத்தோம்.
யாராவது ஒருவருக்கு ஆர்டர் வந்துவிட்டால்
பின்னால் நிற்பவர்களுக்கெல்லாம் ஓர் எண் குறையும்.
அந்தச் சந்தோஷத்துக்கு என்ன பேரோ.
மேட்டூர் ஆறு முறை திறந்தது.
ஒரு வருஷம் திறக்கவில்லை,
அந்த வருஷம் பட்டியலும் நகரவில்லை.

வை. தையல்நாயகி, இளநிலை உதவியாளர்,
கருணை அடிப்படையில், என்றது ஆணை.
அம்மாவுக்கு உரக்கப் படித்துக் காட்டினேன்.
அந்தச் சொல் வந்ததும் தொண்டையில் என்னவோ செய்தது.
அவள் அரிவாள்மணையில் கிழங்கு நறுக்கிக்கொண்டிருந்தாள்.
"கருணைன்னா அரிக்கத்தான்டி செய்யும்.
புளியை ஊத்தி வேகவை."

அப்பாவின் இடம் இல்லை எனக்கு.
ஷட்டருக்கு மோட்டார் வந்துவிட்டது,
அந்த லஸ்கர் வேலையையே எடுத்துவிட்டார்கள்.
எனக்கு வாய்த்தது சேஷாசலம் சாரின் நாற்காலி.
அவர் இன்னும் மாதம் ஒருமுறை வருகிறார்
நிலுவைப் பணம் கேட்டு,
கையில் பேரனுக்கு வாங்கிய முறுக்குப் பொட்டலத்தோடு.
உயிரோடு ஓய்வுபெற்ற ஒரு மனிதரை
முதல்நாள் நான் ரொம்ப நேரம் பார்த்திருக்க வேண்டும்.
"என்னம்மா, நாற்காலி ஆடுதா?" என்றார்.
"எனக்கும் ஆடினதுதான்.
காலுக்கு அடியில ஏதாவது மடிச்சு வை."

வறுமைச் சான்றின் நகல் ஒன்று
பையில் மிச்சமிருந்தது.
எட்டாய் மடித்துச் செருகினேன்.
இன்னும் கொஞ்சம் ஆடத்தான் செய்கிறது.