கோபாலபுரம் சோதனைச்சாவடியில் பதினொரு டின்

வவுச்சர் எண் இருநூற்றுப் பதினான்கு:
தேநீர் ஏழு, பழம்பொரி நான்கு, கொசுவர்த்தி ஒன்று.
'எதற்காக' என்ற கட்டத்தை
அன்றைக்கு நான் காலியாக விட்டேன்.

பத்தொன்பது நாள் படப்பிடிப்பு.
நிலக்கடலைக் காடு மூன்று ஏக்கர், வாடகைக்கு.
பாலக்காட்டுக் கணவாய்க் காற்று
கேட்காமலே கொண்டுவந்து கொட்டிய சாரல், இலவசம்.
டைரக்டர் குடைக்குள் நின்று வானத்தைத் திட்டினான்.
சொலாஞ் மொர்வான் என் பக்கத்தில் உட்கார்ந்து
அன்றைய நட்டத்தைப் பென்சிலில் எழுதினாள்.
எனக்கும் அவளுக்கும் பொதுவாக
நூறு இங்கிலீஷ் வார்த்தை இருந்திருக்கும்.
அறுபது, பணம் பற்றியவை.

விடிந்தால் கொச்சியில் விமானம்.
இரவு பத்தே காலுக்குக் கட்டை இறங்கிவிட்டது.
டார்ச்சோடு வந்தார் எக்சைஸ் அப்புக்குட்டன்.
தக்காளிக்கு அடியில், வைக்கோலுக்கு நடுவில்,
ஒருமுறை சவப்பெட்டிக்குள்ளும்
ஸ்பிரிட் கேன் பிடித்த கை.
டேப் சுற்றிய பதினொரு டின்னை விடுமா?

"துறக்கூ" என்றார்.
அவருக்கு அது 'திற'.
என் காதில் 'துற' என்றே விழுந்தது.
"தொறந்தா செத்துப்போயிருங்க சார்."
"எந்தா, உள்ள ஜீவன் உண்டோ?"

சொலாஞ் இறங்கி வந்து
டின்கள் மேல் உட்கார்ந்துகொண்டாள்.
"இவங்க ஆரு?"
"ப்ரொட்யூசருங்க."
"அப்போ காசுக்காரி."
மொழிபெயர்த்தேன். சிரித்தாள்.
அப்புறம் சொன்னாள், பழம்பொரியின் எண்ணெயை
ஒரு பழைய கால்ஷீட்டில் துடைத்தபடி:

பதினேழு வயதில் லியோனில் ஒரு தியேட்டரில்
டார்ச் அடித்து இடம் காட்டுகிற வேலை.
(அப்புக்குட்டன் தன் டார்ச்சை ஒருமுறை பார்த்தார்.)
பிறகு லேபுக்கு மோட்டார் சைக்கிளில் டின் சுமந்தது.
முதல் படத்துக்கு அப்பாவின் ரொட்டிக்கடை.
இரண்டாவதோடு அப்பா பேசுவதும் நின்றது.
நாலாவது ஓடியது, நாற்பது வாரம்;
அவள் பங்கை வக்கீல்கள் தின்றார்கள்.
ஏழாவதில் டைரக்டர் பாதியில் இறந்துபோக,
கடன் வாங்கி மீதியை முடித்தது இவள்,
பரிசு வாங்க மேடையேறியது அவன் மனைவி, மகன், பிறகு இன்னொரு மனைவி.
இது பன்னிரண்டாவது.

"இத்தனையில ஒரு ஷாட்டாவது
நிங்கள் எடுத்ததுண்டோ?"
"இல்லை. டின்னுக்குள் வெளிச்சம் போகாமல் பார்த்துக்கொண்டேன்."

இரண்டரை மணிக்கு அவருக்கு மனசு இறங்கியது,
ரிஜிஸ்டருக்கு இறங்கவில்லை.
"ஒரு டின். ஒண்ணே ஒண்ணு. நானே பார்க்கணும்."
உதவிக் கேமராமேன் கறுப்புப் பையைக் கொண்டுவந்தான்.
கழுத்தில்லாத சட்டை, கை மட்டும் இரண்டு.

எந்த டின்?
டைரக்டர் லாட்ஜில் தூங்குகிறான்.
கேட்டால் ஒன்றையும் தரமாட்டான்.
சொலாஞ் லேபிள் லேபிளாக விரல் ஓட்டினாள்.
மூன்றில் கதாநாயகியின் அழுகை.
ஐந்தில் மீனாட்சிபுரம் ஸ்டேஷன் ரயில்,
இன்னொருமுறை நிறுத்திவைக்க முடியாதது.
ஆறைத் தொட்டாள், எடுக்கவில்லை.
ஒன்பதைத் தூக்கிக் கொடுத்தாள்:
சாரல் கெடுத்த நாள்.

முழங்கை வரை நுழைத்துக்கொண்டு
அப்புக்குட்டன் கண்ணை மூடினார்.
எதற்கு மூடினாரோ.
துணிக்குள் மூடி கழன்ற சத்தம்.
கன்று திரும்பியிருக்கிறதா என்று தடவும்
மாட்டு டாக்டர் முகம் அவருக்கு.
"வழவழான்னு... பாம்புச் சட்டை போலெ."
கையை உருவி மோந்து பார்த்தார்.
முத்திரை குத்தினார்.

இரண்டு வருஷம் கழித்துக் கடிதம் வந்தது.
பாரிஸில் படம் ஒன்பது நாள் ஓடியதாம்.
கடைசிக் காட்சிக்கு வேறெதுவும் பொருந்தாமல்
ஒன்பதாம் டின்னைத்தான் போட்டார்களாம்:
நனைந்த கடலைக் காட்டில் மேற்கே பார்த்து மூன்று ஆடு.
மேகத்தில் ஒரு கட்டைவிரல் ரேகை.
வெட்டிவிடலாம் என்றது லேப்.
வேண்டாம் என்றிருக்கிறாள்.
கீழே பென்சிலில், வீடு விற்ற தொகை,
அடுத்த படத்தின் பட்ஜெட்.

அப்புக்குட்டன் ரிட்டயராகி
கொழிஞ்சாம்பாறையில் கோழித்தீவனம் விற்கிறார்.
கடிதத்தைப் படித்துச் சொன்னேன்.
தவிடு அப்பிய இரண்டு கட்டைவிரலையும்
வேட்டியில் துடைத்து வெளிச்சத்தில் பிடித்தார்.
"வலதோ, இடதோ?"

கடிதத்தில் அது இல்லை.