மூன்றாம் கேமரா

மழை ஆறு இருபதுக்கே வந்துவிட்டது.
பிரிக்பீல்ட்ஸில் மாடி மண்டபம், தகரக் கூரை.
ஏர்கோனை அணைக்கச் சொன்னவள் நான்தான்;
விட்டால் அதன் முனகல்
தம்புராவுக்கு அரைக்கட்டை தள்ளி
கச்சேரி முழுக்க உட்கார்ந்திருக்கும்.
சனம் நிகழ்ச்சி நிரலை மடித்து விசிறிக்கொண்டது.
நூற்றிருபது விசிறிகள்,
ஒன்றுகூட ஆதி தாளத்தில் இல்லை.

ஒன்று, பாடகி முகம்.
இரண்டு, வயலின் வில்.
தீகா, நீ மிருதங்கத்தை விட்டு அசையாதே.
'ஓகே கக்' என்றான் ஹஃபிஸ்.
கோத்தா பாருவில் டிகிர் பாராட் படம்பிடித்த பையன்.
சமம் எது எடுப்பு எது என்று
சொல்லித்தர எனக்கு நேரமில்லை.

தனி ஆவர்த்தனம் சூடேறும்போது
மூன்றாம் திரை மெல்லத் திரும்பியது.
வித்வான் சபேசனின் வலது கை
விளிம்பில் வழுக்கி வெளியே போனது.
'தீகா! தீகா!'
காதுக்குள் கத்துகிறேன். பதிலில்லை.

மேடையோரம், பிளாஸ்டிக் நாற்காலியில்,
இரண்டாம் பாதிக்கு வந்திருந்த உறுமிக்காரர்.
தயாளன். ரவாங்கில் லோரி ஓட்டுகிறார்.
உறுமி மடியில்.
வளைந்த குச்சி தோலுக்கு ஒரு மயிரிழை மேலே
போகிறது, வருகிறது,
படவே இல்லை.
கோர்வை மூன்றாம் முறை விழுந்த இடத்தில்
குச்சியும் வந்து நின்றது.
கூட்டம் கைதட்டியது, வேறு பக்கம் பார்த்தபடி.

இப்போது செந்தூலில், என் அறையில், மணி இரண்டு.
பையில் கட்டி வாங்கிய தேத்தண்ணி ஆறிப்போச்சு.
மழையைக் கழுவிப் பார்த்தேன்:
பாடகி மூச்சிழுப்பதும் கூடவே போய்விடுகிறது.
திரும்ப ஊற்றிவிட்டேன்.

கோர்வை முடிவில் மிருதங்கம் யாரிடமும் இல்லை.
ஒன்றில் தாளம் போடும் கை,
இரண்டில் தலையாட்டும் வயலின்.
பத்து நிமிடம் முந்தைய கையை வெட்டி
இங்கே ஒட்டலாம்,
பலபேருக்குத் தெரியாது.
ஒட்டினேன். ஓடவிட்டேன்.
விரல் ஒன்று சொல்ல, காது வேறொன்று கேட்டது.
எடுத்துவிட்டு
தயாளனை அப்படியே வைத்து
வித்வானுக்கு அனுப்பினேன்,
திட்டு வாங்கத் தயாராக.

அவரும் தூங்கவில்லை போல.
மூன்றே காலுக்கு ஒரு வரி:
'அது யார் கை?'

பெயர்ப் பட்டியலைத் திறக்கிறேன்.
மிருதங்கம் – சபேசன்.
அதன் கீழே இன்னொரு வரி.
தயாளன் என்று அடித்துவிட்டு
முன்னால் எந்த வாத்தியத்தைப் போடுவது என்று
உட்கார்ந்திருக்கிறேன்.