கைப்பிடி

நொடிக்குப் பதினாறு படம்.
கூடினால் சாவு வீடும் சிரிப்பாகிவிடும்,
குறைந்தால் பிலிம் பற்றிக்கொள்ளும்.
பினாங்கு சிந்த்ரா தெரு ஜப்பான்காரர் கொட்டகையில்
இரண்டு வருஷம் என் வலது கைக்கு
வேறு கணக்குத் தெரியாது.

திரைக்கு இடப்பக்கம் நின்று
ஜப்பான் பாஷையில் கதை சொல்பவர் மொரினாகா.
அது முன்வரிசைக்கு: விசிறியோடு வரும் பெண்கள்,
பல் வைத்தியர், போட்டோக் கடைக்காரர்.
பின்பெஞ்சில் பத்துக் காசுக் கூட்டத்துக்கு
சவரிராயன் சொல்வதுதான் கதை.
அவனுக்கும் அந்தப் பாஷை தெரியாது.
தொங்கானில் மூட்டை எண்ணுகிறவன்,
வாய் மட்டும் நிற்காது.
எந்தப் படம் வந்தாலும்
கடைசி ரீலில் மருமகள் காலில் விழுவாள்,
மாமியார் மன்னிப்பாள்,
பெஞ்சுகள் மூக்கைச் சிந்தும்.

அந்த வெள்ளிக்கிழமைப் படத்தில்
பெண் வேஷத்தில் பெண்ணே இருந்தாள்.
முன்பெல்லாம் ஆண்கள்தான்.
கிட்டத்தில் காட்டும்போது குரல்வளை மேடு தெரியும்;
நாங்களும் கூத்துப் பார்த்தவர்கள், கண்டுகொள்ளமாட்டோம்.
இவள் கழுத்து வெறும் கழுத்து. வேர்த்திருந்தது.
நூல் மில்லில் வேலை. விரலில் கட்டு.
வீட்டில் ஒருவன் சோற்றுக் கிண்ணத்தை எட்டி உதைத்தான்.
பருக்கைகளைப் பொறுக்கினாள்,
பாதியில் நிறுத்தினாள்.

கதவு. மழை. முதுகு.

"வாசல் வரைக்கும்தான் போவாள்," என்றான் சவரிராயன்,
"இதோ, திரும்புகிறாள் பாருங்கள்..."

அப்போதுதான் என் கை சுணங்கியது.
தோள் வலி என்று முதலாளியிடம் பிற்பாடு சொன்னேன்.
ஒரு அடி எடுத்துவைக்க அவளுக்கு
அத்தனை நேரம் ஆயிற்று.
அந்தக் கால் தரையைத் தொடட்டும் என்று
கொட்டகையே மூச்சைப் பிடித்திருந்தது.
மொரினாகாகூடப் பேசவில்லை.

"எங்கய்யா திரும்புனா?"

துறைமுகத்தில் கரி சுமக்கும் ஒச்சம்மாள்.
பெண்கள் பக்கத் தட்டிக்கு மேல்
சும்மாட்டோடு அவள் தலை.
"கண்ணு அவிஞ்சா போச்சு? அவ போய்க்கிட்டிருக்கா."

யாரோ உட்காரச் சொன்னார்கள்.
யாரோ பீடித்துண்டை எறிந்தார்கள்.
முன்வரிசையில் விசிறி ஒன்று மடங்கிற்று.
கருகல் வாசனை எனக்குத்தான் முதலில் வந்தது.
பழுப்பாய் ஒரு கொப்புளம்
அவள் குடைமேல் பூத்து விரிய,
பதறிச் சுழற்றினேன்.
குடுகுடுவென்று ஓடிப்போனாள்,
சிரிப்பு வரவேண்டிய வேகம்.
ஒருவரும் சிரிக்கவில்லை.

கருகியதும் கிழிந்ததுமாக இரண்டு முழம்.
கூலியில் ஒரு வெள்ளி போயிற்று.
ராத்திரியே வெட்டி ஒட்டினேன்.
மறுநாள் காட்சியில்
வாசற்படியில் ஒரு கால் தூக்கியவள்
சட்டென்று
தெருக்கோடியில் இருந்தாள்.
சவரிராயன் வாயைத் திறந்தான்.
திரும்பிப் பார்க்க வைப்பதற்கு
அங்கே படம் இல்லை.