கோர்தே

ஒந்தாரோவா துறைமுகத்துக்கு எதிரே
மீன்பிடிப் பயிற்சிப் பள்ளியின் கீழ்த்தளம்.
பெட்டி பிரிக்காத மடிக்கணினிகள்
சுவரோரம் நூற்றுப் பதினெட்டு.
எனெரிட்ஸ் சாவியை மேசையில் வீசிவிட்டுப் போனாள்:
"திங்கட்கிழமை பிள்ளைகள் திறக்கும்போது
பாஸ்க் மொழியில் பேசணும், அவ்வளவுதான்."

அவ்வளவுதான்.

நான் சொல்லித்தருவது அவற்றுக்கு அல்ல,
இன்னும் விழிக்காத ஒன்றுக்கு.
வன்வட்டின் ஒரு கோப்புறையில்
மல்லாந்து கிடக்கிறது இயங்குதளத்தின் பிம்பம்.
பயனர் பெயர் இல்லை, கடவுச்சொல் இல்லை,
அழிக்க மறந்த படம் ஒன்றுகூட இல்லை.
அதன் காதோரம்
இருபத்தாறு வரி ஸ்கிரிப்ட்.

பெரிய மொழி முதலில் இறங்க வேண்டுமாம்.
ஸ்பானியத்தின் தோளில் ஏறித்தான்
பாஸ்க் உள்ளே எட்டிப்பார்க்கலாம்.
இந்த விதியை எழுதியவர்
இந்தக் கரைப்பக்கம் வந்திருக்கவே மாட்டார்.
எப்படித்தான் தெரிந்ததோ.

நாற்பத்திரண்டு சதவீதத்தில் நின்றது பட்டை.
வெளியே நெத்திலி இறக்குகிறார்கள்;
பனிக்கட்டிப் பெட்டிகள் சிமெண்டில் உரசுகின்றன.
நாற்பத்திரண்டு.
காப்பி ஆறி ஆடை கட்டியது.
நாற்பத்திரண்டு.
பிறகு, கேட்காமலே, நூறு.

முதல் கணினி எழுந்து
சுத்தமான ஸ்பானியத்தில் வரவேற்றது.

ஸ்கிரிப்டை வரிவரியாய் விரல் வைத்துப் படித்தேன்.
கடைசி வரி,
போன வாரச் சோதனைக்கு நானே எழுதியது:
பிம்பத்தை மூடு, மாற்றங்களை உதறிவிடு.
மூன்று மணி நேரம்
சொட்டுச் சொட்டாய் ஊற்றிய மொழியை
கதவு சாத்தும்போது வாசலிலேயே கொட்டியிருக்கிறேன்.
"செயல் வெற்றிகரமாக முடிந்தது" என்றிருந்தது திரையில்.
அது பொய்யும் இல்லை.

ஒரே ஒரு சொல்லை மாற்றினேன்.
மறுபடி முதலிலிருந்து.
மறுபடி அந்த நாற்பத்திரண்டு.

படகுகள் கிளம்பிப்போன பிறகு
"கைஷோ" என்றது திரை.
பதிலுக்கு நானும் சத்தமாக "கைஷோ" என்றேன்;
யாரும் இல்லை என்பதால் வெட்கமில்லை.

குறிப்பேட்டைத் திறந்து ஏதோ தட்டினேன்.
சேமிக்கும் இடத்தில் நின்றது: கோர்தே.
எங்கள் பேச்சில் அதற்குக்
காத்துவை என்றும் பொருள்,
ஒளித்துவை என்றும் பொருள்.
அம்மா படித்த பள்ளிக்கூடத்தில்
இரண்டாவது பொருளே நடப்பில் இருந்தது.
பொத்தானுக்கு இரண்டும் ஒன்றுதான்.
அழுத்தினேன்.

மூலையில் அச்சுப்பொறி மட்டும்
தாள் தீர்ந்துவிட்டதென்று
இன்னும் ஸ்பானியத்தில் புலம்புகிறது.
அதற்கு வேறு ஸ்கிரிப்ட், வேறு ராத்திரி.

நூற்றுப் பதினேழு பெட்டிகள்.
கத்தரிக்கோலை எங்கே வைத்தேன்?