எம் 84.03

மருத்துவமனையின் கீழ்த்தளம், பினாங்கு.
சன்னல் கிடையாது. மழை எங்களுக்கு
ஈரக்குடை நாற்றமாகத்தான் வரும்.
புவான் ரொஹாயா கோப்புகளை மேசையில் இறக்கினார்:
இன்றைக்கு அறுபது.
டாக்டர்கள் எழுதியதை வாசித்து
எண்ணாக மாற்றுவது என் வேலை.

நாற்பத்திரண்டாவது கோப்பு.
வலது முன்கை, இரண்டு எலும்பும்.
டாக்டர் ஊய் கிறுக்கியிருந்தது ஒரே வரி:
எலும்பு கூடிவிட்டது, கோணலாக.

எங்கள் வீட்டில் கல்யாணத்துக்கும் எலும்புக்கும்
வினைச்சொல் ஒன்றுதான்.
கூடிவந்தால் போதும் என்பார்கள்.
எப்படிக் கூடியது என்று
இந்தத் தடித்த புத்தகம்தான் கேட்கிறது.

முறிந்த அன்று அது எஸ் 52.4.
எஸ் என்றால் காயம், இன்னும் சூடு ஆறாதது.
கோணலாய்க் கூடிய கைக்கும் அதையே போட்டால்
தணிக்கையில் சிவப்பு மை.
வேலைக்கு வந்த புதிதில் போட்டேன், வாங்கினேன்.
இதற்கு எம் 84.0,
வால்பக்கம் ஒரு மூன்று.
மூன்று என்றால் முன்கை. இரண்டு மேற்கை.
ஓர் இலக்கம் பிசகினால்
ஒருவருடைய கோணல்
வேறு மூட்டுக்குக் குடிபோய்விடும்.

முன்பக்கங்களைப் புரட்டினேன். புரட்டியிருக்க வேண்டாம்.
பெயருக்குள் அனாக் லெலாக்கி இல்லை.
கடப்பிதழ் எண். வெளிநாட்டவர் கட்டணம்.
மார்ச் ஒன்பது: மாவுக்கட்டு, ஆறு வாரத்துக்கு.
அடுத்த தவணை, வரவில்லை.
அதற்கடுத்தது, வரவில்லை.
ஆகஸ்டில் வந்தவரிடம் ஒரு தாதி பொறுமையாய்க் கேட்டு
பொறுமையாய் எழுதியிருக்கிறார்:
பன்னிரண்டாம் நாள் கட்டைத் தானே அறுத்தாராம்,
ரொட்டி வீச ஆள் இல்லையென்று முதலாளி சொன்னதால்.
எதைக் கொண்டு அறுத்தார் என்பதும் இருக்கிறது.
வெங்காயம் நறுக்கும் கத்தி.

விழுந்ததற்கு எண் உண்டு. டபிள்யூ 01.5,
வழுக்கி விழுதல், கடைகண்ணியில்.
எண்ணெய் துடைக்காத தரைக்கு இல்லை.
முதலாளிக்கு இல்லை.
பன்னிரண்டாம் நாளுக்கு மட்டும் ஒன்று இருந்தது:
இசட் 91.1,
சிகிச்சைக்கு ஒத்துழையாமை.
யார் ஒத்துழையாதவர் என்று எழுதக் கட்டம் இல்லை;
கோப்பு யாருடையதோ அவர்தான்.

மணி நாலே முக்கால். இன்னும் பதினெட்டுக் கோப்பு.
போட்டேன்.

சனிக்கிழமை ஜெலுத்தோங்கில் பசியாறப் போனேன்.
கல்லில் வேறொரு பையன் நின்றான்.
தே ஆற்றியவர் இடக்கையால் இழுத்தார்,
நுரை குவளைக்கு வெளியிலும் கொஞ்சம் விழுந்தது.
கல்லாவுக்கும் அவரே வந்தார்.
மூன்று வெள்ளி எழுபது காசு.
சில்லறையாய்க் கொடுத்தேன்.
இடக்கையில் துணி. வலக்கையை நீட்டினார்.
உள்ளங்கை மேலே திரும்பவில்லை.
முழங்கையைத் தூக்கினார், தோளைச் சாய்த்தார்,
கிணற்றுக்குள் எட்டிப் பார்ப்பவர்போல் உடம்பே சாய்ந்தது.
அப்போதும் உள்ளங்கை
சுவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தது.

காசு சரிந்தது.
ஓர் இருபது காசு உருண்டு
குளிர்பெட்டிக்கு அடியில் போனது.
"விடுங்கக்கா, பெருக்கும்போது வந்துரும்" என்றார்
திருநெல்வேலிப் பேச்சில்.

அவர்தானா, தெரியாது.
வாசித்த பெயர் எனக்கு மறந்துவிட்டது,
கடப்பிதழின் கடைசி இரண்டு எண்தான் நினைவிருக்கிறது.
இந்தத் தீவில் எத்தனை கடை, எத்தனை கல்,
எத்தனை ஈரத் தரை.
என் கையை மேசைக்கடியில் திருப்பிப் பார்த்தேன்.
திரும்புகிறது,
எளிதாக, நினைக்கக்கூட வேண்டாமல்.

ஒப்படைத்த கோப்பைத் திறக்க
ரொஹாயாவின் கடவுச்சொல் வேண்டும்.
திங்கள் காலை கேட்பேன். ஏன் என்பார்.
ஓர் இலக்கம் பிசகிவிட்டது, புவான்.
எந்த இலக்கம் என்பார்.
அதற்கு
இன்னும் ஒரு ஞாயிற்றுக்கிழமை இருக்கிறது.